டொறத்தி வெட்டிய ஹைடெ

டொறத்தியின் கை பட்டால் எதுவும் தழைக்கும் என்பது ஜேர்மனியின் செல்லே நகரத் தமிழ்ச் சனங்களுக்கெல்லாம் தெரிந்த விஷயம். மூன்றாம் மாடி பல்கனியில் மல்லிகை, செவ்வரத்தை, கறிவேப்பிலை எல்லாம் வைத்திருந்தாள். ஒவ்வொரு பங்குனியிலும் அவற்றை ஈவிரக்கம் பார்க்காமல் ஒட்ட வெட்டிவிடுவாள். வைகாசியில் அவை இரண்டு மடங்காகத் தள்ளிக்கொண்டு வரும். கன்று கேட்டு வருகிறவர்களிடம், "வெட்டப் பயப்பிடாதேங்கோ. வெட்டாட்டித்தான் சோம்பேறியாப் போகும்" என்பாள்.

பத்தொன்பது வருடம் ஹோட்டல் அறைகளில் கட்டில் விரித்தவளுக்கு, நாற்பத்தேழாவது வயதில் ஊரோரச் சேமக்காலையில் வேலை கிடைத்தது. கல்லறைகளில் பூச்செடி நட்டுப் பராமரிக்கிற வேலை. கணவன் யோசேப்புக்கு அது பிடிக்கவில்லை.

"உயிரோட இருக்கிறாக்களின்ர கட்டில் போதுமெண்டு, இனிச் செத்தாக்களின்ர கட்டிலும் விரிக்கப் போறியோ?"

"அவை எழும்பித் துவாய் கேக்க மாட்டினம்தானே" என்றாள் டொறத்தி.

தை மாதம் வேலை தொடங்கியது. முதல் ஆறு மாதம் புறோபசைற், ஆளைப் பரீட்சித்துப் பார்க்கிற காலம். அதற்குள் அவளுடைய வேலை அலுவலகத்துக்குப் பிடிக்காவிட்டால் காரணம் பெரிதாகச் சொல்லாமலே வீட்டுக்கு அனுப்பலாம். ஆனி முடிவில் நிரந்தரக் கடிதம் வரவேண்டும். வராவிட்டால் மறுபடியும் ஹோட்டல். குளிரில் விரல் விறைத்தாலும், தலைக்கு மேல் வானம் இருக்கிற ஒரு வேலை அவளுக்கு அதுவரை வாய்த்ததில்லை. அதை விட அவளுக்கு மனமில்லை.

அவள் பொறுப்பில் வந்த பதினெட்டுக் கல்லறைகளில் ஒன்று ஹெர் டிறேவெஸ் என்ற ஜேர்மன்காரரின் மனைவியுடையது. டிறேவெஸ் எண்பது தாண்டியவர். புல் அரை அங்குலம் கூடினாலும் அலுவலகத்துக்குக் கடிதம் எழுதுவார். அந்தக் கல்லறையின் நடுவில் ஒரு ஹைடெப் புதர் நின்றது. முழங்கால் உயரம்தான் வரும். சத்தில்லாத காய்ந்த மணலில் வளர்கிற செடி. ஊருக்கு வெளியே மைல்கணக்கில் கிடக்கும் வெளியெல்லாம் ஆவணியில் இதன் ஊதாப் பூவால் மூடிக் கிடக்கும்.

"இது கடையில் வாங்கியதில்லை" என்று மாசியில் டிறேவெஸ் சொன்னார். "என் மாமனார் தேனீ வளர்த்தவர். பன்னிரண்டு வருடத்துக்கு முன் அவருடைய காணியில் கிளப்பி இங்கே நட்டது. பூக்கிற காலத்தில் இந்த வாங்குப் பலகையில் உட்கார்ந்திருந்தால் தேனீயின் இரைச்சல் கேட்கும்." சொல்லிவிட்டு, இடுப்பில் சத்திரசிகிச்சை செய்ய ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டார்.

பங்குனியில் டொறத்தி அந்தப் புதரைச் சுற்றி வந்து பார்த்தாள். நுனியில் மட்டும் பச்சை. கீழே எல்லாம் வெறும் தடி. அவளுக்குப் பாவமாக இருந்தது. கத்தரியை எடுத்தாள். நிலத்திலிருந்து ஒரு சாண் விட்டு, மல்லிகையை வெட்டுகிற மாதிரியே வெட்டினாள். அடியில் நல்ல கொம்போஸ்ட் உர மண்ணும் இரண்டு கூடை கொட்டினாள்.

சித்திரையில் பக்கத்து ரோசாக்கள் துளிர்த்தன. ஹைடெ துளிர்க்கவில்லை. வைகாசி நடுவிலும் இல்லை. கூட வேலை செய்யும் இரத்தினம் அண்ணை வந்து, ஒரு தடியை நகத்தால் சுரண்டிப் பார்த்தார். உள்ளே மண்ணிறம்.

"பிள்ளை, இது முடிஞ்சுது" என்றார். "ஹைடெயைப் பச்சை இருக்கிற இடத்தோட மட்டும்தான் வெட்டவேணும். தடியில வெட்டினா அது திரும்பி வராது. ஆர் உனக்குச் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. நானாத்தான் வெட்டினனான்."

"அதையும் வடிவாச் சொல்லுறாய்." அவர் சுற்றும் பார்த்தார். "சரி. பின்னால கண்ணாடி வீட்டில இருநூறு ஹைடெச் சட்டி நிக்குது. நல்ல பெரிசா ஒண்டை எடுத்து நடு. கிழவன் ஆனியிலதான் வரும். கேட்டா, பனியில கொஞ்சம் கருகிச் சின்னனாப் போச்சு எண்டு சொல்லு. இந்தச் சட்டிச் சாதி மொட்டாவே நிக்கும், விரியாது. மார்கழி வரையும் நிறம் மங்காது."

"விரியாட்டி, தேனீ?"

"தேனீக்கு இதில என்ன அலுவல்? ஆவணியில கிழவன் கண்டுபிடிச்சாலும் உனக்கு அதுக்குள்ள கடிதம் வந்திடும்."

டொறத்தி சட்டியைத் தள்ளுவண்டியில் வைத்துக் கல்லறை வரை கொண்டுபோனாள். குழி தோண்ட மண்வெட்டியும் எடுத்தாள். அந்த வாங்கில் கிழவர் காதைத் தீட்டிக்கொண்டு இருக்கப்போவது கண்ணுக்குள் வந்தது. ஆவணி முழுக்க இருப்பார். ஒன்றும் கேட்காது. தன் காதுதான் மந்தமாகிவிட்டதென்று நினைத்தாலும் நினைப்பார். அவள் சட்டியைத் திரும்பக் கொண்டுபோய் வைத்தாள்.

"விசர்தான் உனக்கு" என்றார் இரத்தினம்.

ஆனி இரண்டாம் கிழமை டிறேவெஸ் தள்ளுநடை வண்டியைப் பிடித்தபடி வந்தார். டொறத்தி ஓடிப்போய் முன்னால் நின்றாள்.

"ஹெர் டிறேவெஸ், இது பனியில் கருகியதல்ல. நான்தான் வெட்டினேன். எங்கள் செடிகளைப் போல நினைத்துவிட்டேன். அது செத்துவிட்டது."

அவர் அந்தத் தடிகளைப் பார்த்தார். பிறகு, "வீட்டுத் தோட்டத்து ஹைடெயை என் மனைவி தையல் கத்தரியால், விரல் நகமளவு வெட்டுவாள்" என்றார். வண்டியைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார்.

மூன்றாம் நாள் அலுவலகத்துக்கு அவருடைய கடிதம் வந்தது. மேலதிகாரி அவளைக் கூப்பிட்டு எதிரில் இருத்தினார்.

"மூன்று பக்கம்" என்றார் அந்த அம்மா. "உங்கள் அறியாமை பற்றி ஒரு பக்கம். உங்களுக்குச் சொல்லித் தராத என்னைப் பற்றி ஒன்றரைப் பக்கம். கடைசியில் இப்படி எழுதியிருக்கிறார்: 'வெட்டியவரே வளர்க்க வேண்டும். வேறு ஒருவரும் கை வைக்கக் கூடாது. விதையிலிருந்து பூ வர மூன்று வருடமாவது ஆகும்.'" தாளை மடித்தார். "இந்த மனிதரோடு மூன்று வருடம் கடிதப் போர் நடத்த எனக்குப் பலமில்லை. இரண்டு கிழமை ஹைடெப் பகுதியில் நின்று ஒழுங்காகப் பழகுங்கள். மாத முடிவில் வந்து நிரந்தர வேலைக்குக் கையெழுத்து வையுங்கள்."

அடுத்த நாள் டிறேவெஸ் வாங்கில் இருந்துகொண்டு கட்டளையிட்டார். டொறத்தி முழங்காலில் நின்று, தான் கொட்டிய கொம்போஸ்ட்டையும் அதன் கீழிருந்த கறுத்த மண்ணையும் சுரண்டி எடுத்தாள்.

"இன்னும்."

"இதற்குக் கீழே வெறும் மணல்தான், ஹெர் டிறேவெஸ்."

"அந்த மணல்தான் வேண்டும். பன்னிரண்டு வருட விதை அதில் விழுந்து கிடக்கிறது. வெளிச்சம் படவில்லை, அதுதான் முளைக்கவில்லை. ஊருக்கு வெளியே ஹைடெ கிழடானால், முன்பு இங்குள்ளவர்கள் இப்படித்தான் மேல்மண்ணை உரித்து, புது விதை முளைக்க விடுவார்கள்."

அந்த ஆவணியில் கல்லறையில் பூவும் இல்லை, தேனீயும் இல்லை. டிறேவெஸ் வந்து இருந்துவிட்டுப் போனார். டொறத்தி பூவாளியால் மணலை ஈரமாக மட்டும் வைத்திருந்தாள். புரட்டாதியில் ஒரு காலை, மணலில் கடுகளவு பச்சைப் புள்ளிகள் தெரிந்தன. அவள் கத்தி ஆரவாரப்படவில்லை. அவர் வந்ததும் கையைப் பிடித்துக் குனிய வைத்தாள். அவர் சட்டைப் பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்தார்.

"பாசி" என்றார். கண்ணாடி நகர்ந்தது. "இதுவும் பாசி."

டொறத்தியும் பார்க்க ஓரடி கிட்ட வந்தாள்.

"இதுவும்." கண்ணாடி ஓரிடத்தில் நின்றது. அவர் இன்னும் குனிந்தார். "இது பாசி இல்லை" என்றார். "காலை எடுங்கள், மிதித்துவிடுவீர்கள்."