முப்பது தட்டும் ஒரு கையும்

திண்டிவனத்தில் உட்கார்ந்து ஒரு முழுநீளப் படத்தை எடிட் செய்த முதல் பெண் நான்தான். இதை நானேதான் சொல்லிக்கொள்கிறேன்; மறுத்துப் பேச இதுவரை இன்னொருத்தி வரவில்லை. அதற்கு முன்னால் கல்யாண வீடியோதான். அந்தத் தொழிலுக்கு ஒரே சட்டம்: எதை வேண்டுமானாலும் வெட்டலாம், தாய்மாமனை மட்டும் வெட்டக்கூடாது.

நான் வெட்டினேன். அதுவும் சொந்த மாமாவை. தங்கை கல்யாணத்துக்கு அவர் முப்பது தட்டு சீர் கொண்டுவந்தார். எனக்கு அப்போது பெரிய கலைஞி என்று நினைப்பு. வீடியோவில் நாலு தட்டோடு நிறுத்திவிட்டேன். "முப்பது தட்டு எடுத்துக்கினு வந்தேன், நாலுதான் காட்டுது" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனவர், அதோடு என்னிடம் பேச்சை நிறுத்தினார். சின்ன வயதில் என்னைத் தோளில் வைத்துக்கொண்டு பெருமுக்கல் மலை ஏறிய மனிதர். அவர் ஒரு வார்த்தை பேசமாட்டாரா என்று உள்ளுக்குள் ஏங்கினேன். வெளியே முறைத்துக்கொண்டுதான் திரிந்தேன்.

பிறகு கோலியனூர் நண்பர்கள் சேர்ந்து ஒரு படம் எடுத்தார்கள், எடிட்டிங்கை என்னிடம் கொடுத்தார்கள். சாவுக் காட்சியை மாமா ஊரில் வைத்தார்கள், ஊர்க்காரர்களே நடித்தார்கள். கேமராமேனும் கல்யாணக் கேமராமேன்தான். ஒவ்வொருவரும் பிணத்துக்கு மாலை போட்டதும் பழக்கதோஷத்தில் "இங்க பாருங்க" என்றிருக்கிறார். அவர்களும் கல்யாண மேடையில் நிற்பதுபோல் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு நின்றார்கள். பிணமாகப் படுத்திருந்தவரும் லேசாக முகத்தைத் திருப்பிக் கொடுத்தார்.

அந்த வரிசையில் மாமா. பல்லெல்லாம் தெரியச் சிரிப்பு.

என் தலையெழுத்தைப் பாருங்கள். வைத்தால் படம் நாசம். வெட்டினால் மாமா இனி என் வீட்டு வாசலை மிதிக்க மாட்டார். இரண்டு நாள் அந்தத் துண்டை வைத்தும் எடுத்தும் பார்த்தேன். கடைசியில் வெட்டினேன். ஆனால் சிரிப்பதற்கு முன்னால், யாரும் சொல்லாமலே, அவர் போர்வையை இழுத்துப் பிணத்தின் காலை மூடியிருந்தார். அந்தக் கையை மட்டும் வைத்தேன்.

விழுப்புரத்தில் ஒரு மண்டபத்தில் படத்தைப் போட்டோம். அந்தக் கை வந்தபோது பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். முடிந்ததும் மாமா நேராக என்னிடம் வந்தார்.

"அது என் கைதானே?"

"ஆமா மாமா."

"மிச்ச ஆளு எங்க?"

லேப்டாப்பைத் திறந்து, வெட்டிய துண்டைப் போட்டுக் காட்டினேன். குனிந்து பார்த்தார். இன்னொரு தடவை போடச் சொன்னார்.

"இன்னா பாப்பா இது, பொணத்துகிட்ட நின்னு இளிச்சிக்கினு கீறேன். யாருக்கும் காட்டிடாத."

"காட்ட மாட்டேன் மாமா."

"நல்லவேள, வெட்டிட்ட."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அவர் அதைக் கவனிக்காமல் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அந்த முப்பது தட்டும் வச்சிக்கினு கீறியா?"

"வச்சிருக்கேன் மாமா."

"போடு."

இருபது நிமிடம் ஓடியது. ஒரு தட்டைக்கூட வேகமாக ஓட்டிவிடாமல் இரண்டு பேரும் உட்கார்ந்து பார்த்தோம்.