காசியம்மா வடித்த சோறு

அன்று வக்கீல் அறையில் இருந்தவர்கள்: நான், அடைக்கலமேரி. என் வீட்டுக்காரர் செபஸ்தியான். என் நாத்தனார் லூர்து. அவள் மருமகள் ஆரோக்கியம். கடைசியாக, கதவோரம், சிங்கவரத்துக் காசியம்மா. ஐந்து பேரும் செஞ்சியில் ஒரு மாணவர் விடுதியில் சமையல், துப்புரவு வேலை. தினக்கூலி. வருஷக்கணக்காக உழைத்தும் நிரந்தரம் ஆக்கவில்லை. அதற்குத்தான் ஹைகோர்ட்டில் மனு போட்டோம்.

"ஆபீஸ்ல பதில் மனு போட்டிருக்காங்க," என்றார் வக்கீல். "வருஷா வருஷம் ஆகஸ்ட்ல நாலு பேர் வேலையை விட்டுட்டுப் போயிட்டீங்களாம். தொடர்ந்து வேலை பார்க்கலையாம். உங்களுக்குப் பதிலா பார்த்தவங்க எழுதிக் கொடுத்தாதான் கேஸ் தாங்கும்."

போனது உண்மைதான். கொடியேற்றத்துக்கு வேளாங்கண்ணிக்கு நடந்து போவோம். தினக்கூலிக்கு ஏது லீவு? காசியம்மா எங்கள் வேலையையும் பார்ப்பாள். மாசியில் அவள் மேல்மலையனூர் மயானக் கொள்ளைக்குப் போனால் அவள் வேலையை நாங்கள் பார்ப்போம். வார்டனுக்கும் தெரியும். கடைசியாக நடந்து போனதே இந்தக் கேஸுக்கான வேண்டுதலுக்குத்தான்.

வீட்டுக்கு வந்து மாதா படத்தைப் பார்க்க மனசு வரவில்லை. உன்னிடம் நடந்து வந்தது தப்பா என்று கேட்டேன். என் வீட்டுக்காரருக்கு வேலை பார்க்கும் வயசு முடியப்போகிறது. அதற்குள் ஆர்டர் வராவிட்டால் வெறுங்கையோடு வெளியே வர வேண்டியதுதான். ஜெபமாலை பாதியில் நின்றது.

காசியம்மாவை வார்டன் தனியாகக் கூப்பிட்டிருந்தார். நீ மட்டும் ஒழுங்காக வந்தவள், அவர்களை விட்டு வந்தால் உனக்கு வேலை நிரந்தரம் என்று சொல்லியிருந்தார். அவளுக்குக் கிட்னி கெட்டிருந்தது. வயசுக்கு வந்த மகள் வேறு. அவளிடம் கேட்க எனக்கு வாய் வரவில்லை. "மாதாவே, நீயே கேளம்மா" என்று மட்டும் சொன்னேன்.

காலையில் அடுப்படியில் அவளே ஆரம்பித்தாள்.

"இன்னா மேரி, மூஞ்சி தொங்குது? கேஸை நெனச்சா? எங்க கையெழுத்து போடணும்னு வக்கீலைக் கேளு."

"வார்டன் சொன்னது இன்னா ஆவறது?"

"அவன் கெடக்கறான். மாசியில என் குண்டானை அவனா வந்து கழுவுனான்? ஆகஸ்ட்ல சோறு வடிச்சது நானு. புள்ளைங்க ஒருவேளை பட்டினி கெடந்துச்சா? அதை நான்தானே சொல்லணும்."

சொன்னபடி எழுதிக் கொடுத்தாள். மறுவாரமே அவளை வேலைக்கு வர வேண்டாம் என்றார்கள். டயாலிசிஸுக்கு ஆரோக்கியம் துணைக்குப் போய்வந்தாள். மாசியில் காசியம்மா செத்துப்போனாள். மயானக் கொள்ளைக்கு அவள் போகவில்லை.

ஈஸ்டர் கழிந்து தீர்ப்பு வந்தது. ஒருவர் போனால் இன்னொருவர் பார்த்திருக்கிறார், வேலை நிற்கவில்லை, எல்லோரையும் நிரந்தரமாக்கு என்று கோர்ட் சொன்னது. அதில் அவள் பெயரும் இருந்தது.

மாதா என் ஜெபத்தைக் கேட்டார்கள். நன்றி சொல்கிறேன். அழுதுகொண்டுதான் சொல்கிறேன். இப்போது காசியம்மாவின் மகள் வாரிசு வேலைக்கு மனு போட்டிருக்கிறாள். அவளுக்காக எழுதிக் கொடுத்தது நான். ஜெபமாலையில் முதலில் அந்தப் பிள்ளை பெயரைச் சொல்கிறேன், பிறகுதான் என் வீடு.

கஷ்டத்தில் இருப்பவர்களே, நம்பிக் கேளுங்கள். மனுஷரிடம் வாய் வராவிட்டால் மாதாவிடம் கேளுங்கள். யார் வழியாகத் தருவார்கள் என்று நமக்குத் தெரியாது.

மனு போட்டவர்கள் ஐந்து பேர். ஆர்டர் வாங்கியவர்கள் நான்கு.