மூன்று கூடை, இரண்டு கூடை

எண்பதுகளின் தொடக்கத்தில் கொடைக்கானலில் ஒரு பள்ளி விடுதியின் சமையற்கட்டில் காய் நறுக்கிக்கொண்டிருந்தேன். எனக்கு இருபத்தெட்டு வயது. ஆடலூரில் ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுபோயிருந்தது. எட்டாம் வகுப்புத் தேர்வைத் தனியாக எழுதித் தேறினால் அலுவலக உதவியாளர் வேலைக்கு மனுப் போடலாம் என்று கேள்விப்பட்டதிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கூட வேலை பார்த்த தோழியையும் இழுத்துக்கொண்டேன். சிலோன் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, குடும்பத்தோடு கப்பலேறி வந்தவள் அவள்.

தமிழும் வரலாறும் எப்படியோ மண்டையில் ஏறின. கணக்கில்தான் மாட்டிக்கொண்டோம். ஒரு வேலையை ஒருவர் இருபது நாளில் முடிப்பார், இன்னொருவர் முப்பது நாளில் முடிப்பார். சேர்ந்து செய்தால் எத்தனை நாள்? மொத்தக் கூலி ஐந்நூறு ரூபாய் என்றால் ஆளுக்கு எவ்வளவு?

இருபதையும் முப்பதையும் கூட்டி ஐம்பது என்று எழுதினேன். தோழி எட்டிப் பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள்.

"ஒத்த ஆளு இருபது நாள்ல முடிக்கிற சோலிய, தொணைக்கு ஒருத்தி வந்ததும் அம்பது நாள் இழுப்பாங்களா? அம்புட்டு நாளும் கதையடிச்சாங்களோ?"

எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பாதியாக்கி இருபத்தைந்து என்றேன். அதுவும் இருபதைவிடக் கூட. புத்தகத்தின் கடைசியில் பன்னிரண்டு என்று விடை போட்டிருந்தது. அச்சுக் கோளாறு என்று முடிவுகட்டிப் புத்தகத்தை மூடினேன்.

மறுநாள் காலை இருவரும் உருளைக்கிழங்குக்குத் தோல் சீவிக்கொண்டிருந்தோம். திடீரென்று தோழி கத்தியைக் கீழே வைத்தாள்.

"இந்தா, ஒரு கூடை சீவ உனக்கு எம்புட்டு நேரம் ஆகும்?"

"ஒரு மணி நேரம்."

"எனக்கு ஒன்னரை மணி. அப்ப மூணு மணி நேரத்துல நீ மூணு கூடை, நான் ரெண்டு கூடை. சேத்தா?"

"அஞ்சு கூடை."

"மூணு மணி நேரத்துல அஞ்சு கூடைன்னா, ஒரு கூடைக்கு?"

நூற்றெண்பது நிமிடத்தை ஐந்தால் வகுத்தேன். முப்பத்தாறு நிமிடம். உடம்பெல்லாம் சிலிர்த்தது. ஈரக் கையோடு ஓடிப் புத்தகத்தை எடுத்து வந்தேன். அறுபது நாளில் ஒருவர் மூன்று வேலை முடிப்பார், மற்றவர் இரண்டு. அறுபதை ஐந்தால் வகுத்தால் பன்னிரண்டு! கூலியும் அதே மூன்றுக்கு இரண்டு. முந்நூறு, இருநூறு. இருவரும் கட்டிப்பிடித்துக்கொண்டு குதித்ததில் அடுப்படியில் நின்ற தலைமைச் சமையல்காரம்மா பதறிப்போனார்.

"என்னங்கடி, பாம்பு கீம்பு வந்துருச்சா?"

"இல்லங்கம்மா, பன்னெண்டு வந்துருச்சு!" என்றேன்.

அதோடு விடவில்லை. மணி பார்க்கும் பொறுப்பை அந்த அம்மாவிடமே ஒப்படைத்து, புதுக்கூடை ஒன்றைக் கொட்டினோம். "ம், வெரசா! வெரசா!" என்று அவரே எங்களை விரட்டினார். ஒரு கிழங்கு உருண்டு அடுப்புக்கடியில் போய்விட, அதைத் தேடிப் பிடித்ததில் முப்பத்தெட்டு நிமிடம் ஆகிவிட்டது. அந்த இரண்டு நிமிடத்துக்காக எனக்கு அன்று முழுக்க மனசு ஆறவில்லை.

அந்த ஞாயிறு ஒரு கல்யாண வீட்டுக்குச் சின்ன வெங்காயம் உரித்துக் கொடுக்க ஒப்புக்கொண்டோம். மொத்தமாகக் கூலி பேசிச் செய்யும் இந்த மாதிரி வேலையைத் தோழி தோட்டத்து வழக்கப்படி கொந்தரப்பு என்பாள். வேலை முடிந்ததும் இருபத்தைந்து ரூபாய் கைக்கு வந்தது. கணக்குக் கற்ற மிதப்பில், "புத்தகப்படி எனக்குப் பதினஞ்சு, உனக்குப் பத்து" என்றேன்.

அவள் கோபிக்கவில்லை. "அது கெழங்குக்கு. இது வெங்காயம்" என்று சொல்லி, படியை எடுத்து இரண்டு பாத்திரங்களையும் அளந்தாள். என்னுடையது எட்டுப் படி. அவளுடையது பன்னிரண்டு. கொழுந்து கிள்ளிப் பழகிய விரல்களை என் முகத்துக்கு நேரே ஆட்டிக் காட்டினாள். வெட்கம் பிடுங்கித் தின்றது. ஆனாலும் பதினைந்தை அவள் கையில் வைக்கும்போது எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை. மூன்றுக்கு இரண்டு சரியாகத்தான் வந்திருந்தது, ஆள்தான் மாறிப்போயிருந்தது.

தேர்வு வத்தலக்குண்டில். வெள்ளனே எழுந்து பஸ் பிடித்து இறங்கினோம். வேலையையும் கூலியையும் பற்றி ஒரு கேள்விகூட இல்லை. ஒரு தொட்டியை ஒரு குழாய் நான்கு மணி நேரத்திலும் இன்னொன்று பன்னிரண்டு மணி நேரத்திலும் நிரப்பும், இரண்டையும் திறந்தால் எவ்வளவு நேரம் என்று கேட்டிருந்தார்கள். கேள்வியை இரண்டு முறை படித்தேன். பிறகு, குழாயும் ஆள் மாதிரிதானே என்று பட்டது. பன்னிரண்டு மணி நேரத்தில் ஒன்று மூன்று தொட்டி, மற்றது ஒரு தொட்டி. நான்கு தொட்டிக்குப் பன்னிரண்டு மணி என்றால், ஒரு தொட்டிக்கு மூன்று. பேனா தானாக ஓடியது.

வெளியே வந்ததும் தோழி தூரத்திலிருந்தே மூன்று விரலைத் தூக்கிக் காட்டினாள். நானும் மூன்றைக் காட்டினேன். நடுரோடு என்றும் பாராமல் இருவரும் கூச்சல் போட்டோம்.

இருவரும் தேறினோம். பள்ளி அலுவலகத்தில் முதலில் அவளுக்குத்தான் வேலை கிடைத்தது. எட்டு மாதம் கழித்து எனக்கு.