அத்தை ஒளியான மத்தியானம்

என் அத்தை, அதாவது அப்பாவின் தங்கை, ஒளியாக மாறப்போகிறாள் என்று பள்ளிக்கூடம் முழுக்கச் சொல்லி வைத்திருந்தேன். ஒருத்திக்கு அப்பா துபாயில் இருந்தார், இன்னொருத்தி வீட்டில் கலர் டிவி இருந்தது. ஒளியாகப் போகிற அத்தை மூன்றாம் வகுப்பில் எனக்கு மட்டும்தான். பெருமை பிடிபடவில்லை.

அத்தைக்கு ஒரு மகள் இருந்தாள். நானும் அவளும் ஒரே ஐப்பசியில் பிறந்தவர்கள். மூளைக்காய்ச்சலில் அவள் போய்விட்டாள். மாமா திருப்பூரில் பனியன் கம்பெனிக்குப் போய்விட, அத்தை எழுமலைக்கு வந்து எங்கள் வீட்டோடு இருந்தாள். சோறு இறங்கவில்லை, பேச்சும் இல்லை. அந்த நேரம் பார்த்துத்தான் சமயநல்லூர்ப் பக்கமிருந்து ஒளி அய்யா வந்து சேர்ந்தார். முன்பு டியூப்லைட் மாட்டிக்கொண்டிருந்தவர் என்று அப்பா சொல்வார். அந்த வகையில் ஒளியோடு அவருக்குப் பழைய சம்பந்தம் உண்டுதான்.

அவர் சொன்னது இதுதான். மனித உடம்பு ஒளியால் ஆனது. ஆசையும் கோபமும் படிந்து அது கெட்டியாகிவிட்டது. அந்தக் கெட்டிதான் தரையில் நிழலாக விழுகிறது. தினமும் சூரியனைக் கண்கொட்டாமல் பார்த்து வந்தால் கெட்டி கரையும். செத்தவர்கள் எங்கும் போய்விடவில்லை, முழு ஒளியாகி நம் எதிரிலேயே நிற்கிறார்கள், பார்க்க நமக்குத்தான் கண் பழகவில்லை. இந்தக் கடைசிப் பேச்சில்தான் அத்தை விழுந்தாள்.

அவருடைய ஆட்கள் குடை பிடிக்க மாட்டார்கள். அடுத்தவர் நிழலை மிதிக்கவும் மாட்டார்கள். மிதித்தால் அவர் பாவம் நம் காலில் ஒட்டிக்கொள்ளுமாம். சாயங்காலம் நிழலெல்லாம் நீண்டு கிடக்கும்போது பஸ் ஸ்டாண்டில் அவர்கள் தாண்டித் தாண்டி நடப்பதைப் பார்த்து டீக்கடைக்காரர்கள் சிரிப்பார்கள். அத்தை அதையெல்லாம் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மாடிப்படியில் உட்கார்ந்து காலைச் சூரியனைப் பார்க்க ஆரம்பித்தவள், பங்குனி முடிவதற்குள் உச்சி வெயிலையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தபடி இருக்கும்.

“கெட்டி கரையுது மதினி,” என்பாள்.

“கண்ணுல்ல கரையுது,” என்பாள் அம்மா.

சித்திரை பிறந்ததும் ஊருக்கு மேற்கே மொட்டைப் பாறையில் கூட்டம் கூடியது. அன்றைக்கு நிழல் அற்றுப்போகும், போனவர்களைக் காணலாம் என்று அய்யா சொல்லியிருந்தார். அத்தை என்னையும் கூட்டிக்கொண்டு கிளம்பினாள். அம்மா சண்டை போட்டுப் பார்த்துவிட்டுத் தானும் கூடவே வந்தாள். பாறையில் வெள்ளைச் சேலையும் வெள்ளை வேட்டியுமாக ஜனம் நின்றது. நான் குனிந்து என் நிழலைப் பார்த்தேன். அது சுருங்கிச் சுருங்கிக் காலடிக்குள் போய், காணாமலே போய்விட்டது. சுற்றிலும் அத்தனை பேரும் தரையில் ஒட்டாதவர்கள்போல் நின்றார்கள். தள்ளி மேய்ந்த வெள்ளாட்டின் நிழலும் அதன் வயிற்றுக்கடியில் அடங்கிவிட்டது. அது எந்தத் தவமும் செய்ததாகத் தெரியவில்லை. வருடத்தில் இரண்டு நாள் எங்கள் சீமையில் சூரியன் தலைக்கு நேர் மேலே வருமென்று பிற்பாடு பூகோளத்தில் படித்தேன். அன்றைக்கு அது தெரியாமல் அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டேன்.

“பாருங்க,” என்றார் அய்யா. எல்லாரும் அண்ணாந்தார்கள். அம்மா சட்டென்று என் கண்ணைப் பொத்தினாள்.

கையை அவள் எடுத்தபோது வெகுநேரம் ஆகியிருந்தது. அத்தை எங்கள் பக்கம் திரும்பியிருந்தாள், ஆனால் என்னைப் பார்க்காமல் என் காதுக்கு அப்பால் பார்த்தாள். நடுப்பார்வை வெந்துபோனவர்கள் அப்படித்தான் ஓரமாகப் பார்ப்பார்கள் என்று மதுரைக் கண் டாக்டர் பின்னால் சொன்னார்.

“மொகம் இருக்குற எடமெல்லாம் வெளிச்சமா இருக்கு,” என்றாள் அத்தை. குத்துக்காலிட்டு உட்கார்ந்து என் கன்னத்தைத் தடவினாள். விரல்கள் சுட்டன. “வந்துட்டியாடி?”

கூட்டம் கையெடுத்துக் கும்பிட்டது. ஒளி அய்யாவே கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்குப் பின்னால் அத்தையின் மகள் நிற்கிறாளோ என்று திரும்பிப் பார்த்தேன். வெறும் பாறைதான்.

“நான்தான் அத்த,” என்றேன்.

அத்தை என் காதோடு வாயை வைத்தாள். “தெரியும்டி. சத்தம் போடாத. ஒரே ஒரு தடவ அம்மான்னு கூப்புடு.”

கூப்பிட்டேன். அத்தை கண்ணை மூடிக்கொண்டாள். அம்மா அப்படியே பாறையில் உட்கார்ந்து முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். வேறொருத்தியை நான் அம்மா என்றதில் அவளுக்குப் பொறாமை என்று நினைத்தேன்.

இறங்கும்போது அத்தை என் தோளைப் பிடித்துக்கொண்டு வந்தாள். கை கனத்தது. இத்தனை பேர் இருக்க என்னைத்தான் தொடுகிறாள் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தேன். அவள் அடிக்கடி தடுக்கினாள். ஒளியாகிவிட்டவர்களுக்கு நடக்கிற பழக்கம் விட்டுப்போகும் போலிருக்கிறது என்று எண்ணி, அவளுக்காகக் கொஞ்சம் மெதுவாக நடந்தேன்.