காளான் பெட்டிக்குள் அவள் குரல்

என் மகளுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. காதுக்குள் கருவி வைக்கும் ஆபரேஷனும் இவளுக்கு உதவாது, நரம்பே சரியாக வளரவில்லை என்று திருச்சியில் டாக்டர் கையை விரித்துவிட்டார். பஸ் பிடித்து எங்கள் ஊர் அன்னவாசலுக்குத் திரும்பினோம். வீட்டுக்கு வந்ததும் என் மனைவி பிள்ளையை மடியில் போட்டு, அதன் உள்ளங்கையை எடுத்துத் தன் தொண்டையில் வைத்துக்கொண்டு பேச ஆரம்பித்தாள். பெரிதாக ஒன்றுமில்லை, இன்னும் குழம்புக்குப் புளி ஊறப்போடவில்லை என்றாள். பிள்ளை சிரித்தது. அன்றிலிருந்து அம்மாவும் மகளும் பேசிக்கொண்டது அப்படித்தான்.

நான் மோட்டார் காயில் கட்டுகிறவன். கடைத்தெருவில் சின்னதாக ஒரு கடை. போர் போட்ட வயல்களிலிருந்து கருகிப்போன மோட்டார்கள் வரும். பழைய கம்பியைப் பிரித்துவிட்டுப் புதுசு சுற்றிக் கொடுப்பேன். எதையும் கழற்றிப் பார்க்காமல் நம்புகிற ஆள் இல்லை. மகள் பள்ளிக்கூடம் போகிற வயதில் மனைவிக்கு உடம்பு முடியாமல் போய், இனி அதிக நாள் இல்லை என்று தெரிந்தபிறகு, என் மச்சினன் திருச்சியிலிருந்து அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தான். எனக்கு எரிச்சல்தான் வந்தது.

"இதுக்குள்ள காளான் வித்து இருக்கு மச்சான். அக்கா பேசப் பேச அந்தச் சத்தத்துக்கு ஏத்தாப்புல பூசணம் படரும். பொறவு பேட்டரியில லேசா கரண்ட் குடுத்தா, பேசுனது பேசுன மாதிரியே அதிரும்."

"ஏன் மாப்ள, காளானுக்கு நாக்கு மொளைச்சிருச்சாக்கும்?" என்றேன்.

படுக்கையிலிருந்து அவள் சிரித்தாள். "செம்புக் கம்பியச் சுத்திவச்சா தண்ணி ஏறுதுல்ல? காளான் பேசுனா மட்டும் ஒங்களுக்குப் பொறுக்கலயாங்க?"

பெட்டி டிபன் டப்பா அளவுதான். உள்ளே நனைத்த வைக்கோல் தூள், அதன்மேல் பாலாடை போல வெள்ளைப் பூசணம். மேலே தோல் மாதிரி மெல்லிய மூடி, தண்ணீர் தெளித்து ஈரம் காட்டுவதற்கு ஒரு சின்னத் துளை. வெயில் படக் கூடாது, காயவும் கூடாது. ஒருமுறை படர்ந்து முடிந்துவிட்டால் புதிதாக எதுவும் பதியாது. அதை எடுத்து இன்னொரு பெட்டியில் வளர்த்தால் காளான் வரும், குரல் வராது.

ஃபோனில் பதிந்து வைத்துக்கொண்டால் போதாதா என்று கேட்டவர்கள் உண்டு. அதையும் செய்து பார்த்தோம். ஃபோனைக் கையில் கொடுத்தால் பிள்ளை தள்ளிவிட்டது. அந்த அதிர்வு அவளுக்கு யாரோ ஒருவருடையது. பூசணம் கொஞ்சம் படர்ந்திருந்த பெட்டியின் தோலில் கையை வைத்தபோதோ அவள் நிமிர்ந்து அம்மாவின் தொண்டையைப் பார்த்தாள். நானும் கையை வைத்துப் பார்த்தேன். அப்புறம் நான் கிண்டல் பேசவில்லை.

பூசணம் படர்ந்த நாட்களில் என் மனைவி பெட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பேசினாள். ஏதாவது நல்ல வார்த்தை சொல்லேன் என்று கெஞ்சினேன். "கேக்கப் போறவளுக்கு வார்த்தையே தெரியாது. எதப் பேசுனா என்னங்க?" என்றாள். மீன் குழம்பு வைக்கும் பக்குவம் சொன்னாள். பாலில் தண்ணீர் கலக்கிறவரைத் திட்டினாள். நார்த்தாமலையில் குரங்கு என் கையிலிருந்து வாழைப்பழத்தைப் பிடுங்கிக்கொண்டு ஓடியதை, நான் பின்னாலேயே ஓடியதை, சிரித்துச் சிரித்துச் சொன்னாள். நடுவில் இருமினாள். இருமலும் பதிந்தது. கேட்டுக்கொண்டு நிற்க முடியாமல் நான் குடத்தைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விடுவேன்.

சித்திரையில் அவள் போய்விட்டாள். காரியமெல்லாம் முடிந்து உறவுக்காரர்கள் கிளம்பியபிறகு, பெட்டியை எடுத்து மகள் முன்னால் வைத்தேன். கையை வைத்தாள். என்னைப் பார்த்தாள், சுவரில் மாட்டியிருந்த அம்மா படத்தைப் பார்த்தாள், பிறகு வாய்விட்டுச் சிரித்தாள். கொல்லைப்பக்கம் போய் நான் அழுதேன். அழுகை பாதி துக்கம், பாதி நன்றி.

அதற்கப்புறம் பள்ளிக்கூட வேன் வந்து நின்றதும் பையை வீசிவிட்டுப் பெட்டியிடம்தான் ஓடுவாள். எங்கே சிரிக்க வேண்டும், எங்கே இருமல் வரும் என்று அவள் கைக்குத் தெரியும். ஈரம் காட்டுவதையும் பேட்டரி மாற்றுவதையும் அவளே செய்தாள். என்னைத் தொடவே விடமாட்டாள்.

ஆயுத பூஜை வந்தது. கடையில் மெஷின்களுக்கெல்லாம் மஞ்சள் பூசிக் குங்குமம் வைப்பது வருஷா வருஷம் மகள் வேலை. காயில் சுற்றும் மெஷின், டிரில்லிங் மெஷின், ஸ்பேனர், தராசு, எதையும் விடமாட்டாள். ஒருமுறை என் முதுகிலேயே பூசிவிட்டாள்; நன்றாக உழைக்கிற மெஷின்தானே என்று அம்மாவும் மகளும் சேர்ந்து சிரித்தார்கள். இந்த வருஷம் துக்க வீடு. ஒரு வருஷத்துக்கு எங்களுக்குப் பண்டிகை கிடையாது. காலையிலேயே அவள் என் சட்டையை இழுத்து, கடைக்குப் போகலாம் என்று சைகை காட்டினாள். இல்லை என்று கையை ஆட்டினேன். ஏன் என்று கேட்டாள். எங்களிடம் அதற்குச் சைகை இல்லை. படத்தைக் காட்டினேன். புரிந்துவிட்டது போலத் தலையாட்டினாள்.

அவளைப் பக்கத்து வீட்டு அக்காவிடம் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, பயிர் காய்கிறது என்று கூப்பிட்டவர் வயலுக்கு மோட்டார் பார்க்கப் போனேன். திரும்பி வந்ததும் வாசலுக்கே ஓடிவந்து என் கையைப் பிடித்து இழுத்தாள். முழங்கைவரை மஞ்சள். உள்ளே பெட்டி இருந்தது. சுற்றிலும் மஞ்சள் அப்பி, மூடியின் நடுவில் குங்குமம் வைத்து, செம்பருத்தி ஒன்று சொருகி, முன்னால் பொரியும் பழமும் வைத்திருந்தாள். ஈரம் காட்டும் துளை வழியாக உள்ளேயும் மஞ்சள் தண்ணீர் ஊற்றியிருந்தாள். வீட்டில் இருந்த ஒரே மெஷினுக்கு அவள் குறை வைக்கவில்லை.

மச்சினனுக்கு ஃபோன் போட்டேன். "மஞ்சளா?" என்று கேட்டான். "பூசணத்துக்கு அது ஆவாதே மச்சான். கழுவிப் பாருங்க" என்றான்.

பச்சைப் பிள்ளையைக் கழுவுவது போலக் கழுவினேன். அவள் கோபமாக என் தோளில் அடித்தாள், தான் பூசியதை அழிக்கிறேனே என்று. சாயங்காலம் தோலில் லேசான நடுக்கம் இருந்தது. மறுநாள் காலையில் அதுவும் இல்லை. வெள்ளை இழையெல்லாம் பழுத்துச் சுருங்கியிருந்தது.

அவள் கையை வைத்தாள், காத்திருந்தாள், பேட்டரியை மாற்றினாள், மறுபடியும் வைத்தாள். அம்மா எங்கே என்று என்னிடம் கேட்டாள். அம்மா எல்லாம் பேசி முடித்துவிட்டாள், அவ்வளவுதான் என்று சைகை காட்டினேன். அவள் தன் மஞ்சள் கையைக் காட்டினாள், பெட்டியைக் காட்டினாள், புருவத்தை உயர்த்தினாள். இல்லை, இல்லவே இல்லை என்று தலையை ஆட்டிச் சிரித்தேன். காது கேட்கிற பிள்ளையாக இருந்தால் குரலை வைத்து ஏமாற்றியிருப்பேன். இவள் பிறந்ததிலிருந்து முகத்தை மட்டுமே படித்து வளர்ந்தவள். என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

பிறகு குழாயடிக்குப் போனாள். துணி சோப்பை எடுத்துக் கைகளைத் தேய்த்தாள். நுரை மஞ்சளாக வந்தது. கழுவிவிட்டு உள்ளே ஓடிவந்து, பாவாடையில் துடைத்துக்கொண்டு, பெட்டிமேல் கையை வைத்துப் பார்த்தாள். கையைத் திருப்பி, இன்னும் மஞ்சள் இருக்கிறதே என்று பார்த்தாள். மறுபடியும் குழாயடிக்கு ஓடினாள்.