விட்டுக்கொடுத்த ஓட்டம்

அக்கரப்பத்தனைத் தேயிலைத் தோட்டத்தின் பொங்கல் விளையாட்டுப் போட்டிக்கு, சுற்றுலா வழிகாட்டியான நான் ஒரு ஜெர்மனிப் பெண்மணியை அழைத்துப்போயிருந்தேன். இளமையில் நூறு மீட்டர் ஓட்டக்காரி. தலை நரைத்தும், நிற்கும் இடத்திலெல்லாம் குதிகாலைத் தூக்கித் தூக்கி இறக்கிக்கொண்டிருப்பார். பெண்கள் ஓட்டத்தில் அவரும் சேர்ந்தார்.

"தொரசானிக்கு விட்டுக் குடுத்துருங்கக்கா," என்று கொழுந்து பறிக்கும் பெண்களிடம் மெல்லச் சொன்னேன். வெள்ளைக்காரத் துரைமாரையும் தொரசானிமாரையும் ஜெயிக்கவிட்ட காலத்துப் பழக்கம், என்னையும் விடவில்லை.

அவரே முதலாவதாக வந்தார். பரிசாகக் கிடைத்த பிளாஸ்டிக் பேசினை என் கையில் திணித்தார்.

"கடைசிப் பத்தடியில் பின்னால் காலடிச் சத்தமே இல்லை. நான் தோற்ற ஓட்டங்கள்தான் அதிகம். ஆனால் ஒருத்தியும் எனக்காக மெதுவாக ஓடியதில்லை."

கூசிப்போய், இரண்டாவதாக வந்த அக்காவிடம் பேசினை நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"நெசமா ஓடியிருந்தா நான் ஜெயிச்சிருப்பேனா தம்பி?"