மகாதேவன் மாமா சொல்லாத பெயர்

மும்பை மாதுங்காவில் எங்கள் கட்டடத்து லிஃப்டில் மகாதேவன் மாமாவோடு ஏறியவர்கள் யாரும் சும்மா இறங்கியதில்லை. ஸ்டெனோவாக இருந்து ரிட்டயரானவர். யாருமே பயன்படுத்தாத இங்கிலீஷ் வார்த்தைகளாகத் தேடிப் பிடித்து வைத்துக்கொண்டு, எங்கள் மாடி வருவதற்குள் ஒன்றை நம் தலையில் கட்டிவிடுவார்.

"டார்மிகன். எழுதறச்சே முன்னாடி 'பி' உண்டு, சொல்றச்சே கிடையாது. பனிப் பிரதேசத்துப் பறவை. எங்கே, சொல்லு பார்ப்போம்!"

லோக்கல் ரயிலைப் பிடிக்க ஓடுகிறவனுக்குப் பனிப் பறவையால் என்ன ஆகப்போகிறது?

போன மழைக்காலத்தில் அவருக்கு ஸ்ட்ரோக் வந்தது. கை கால் தேறிவிட்டன. பேச்சுதான் போனது. தண்ணீர், சாதம் என்று கேட்கக்கூட வாய் வரவில்லை. அந்த வேண்டாத வார்த்தைகள் மட்டும் மூளையில் எந்த மூலையிலோ பத்திரமாக இருந்தன. ஒருநாள் "போர்பரிக்மஸ்" என்றார். புது வியாதி என்று பயந்து மாமி அபயாம்பாள் அழுதேவிட்டாள். மகள் மானசா போனில் தேடிப் பார்த்தாள். காலி வயிறு உருளுகிற சத்தமாம். மனுஷனுக்குப் பசி! அதன்பிறகு அந்த வார்த்தை காதில் விழுந்தால் போதும், மாமி தோசைக்கல்லை அடுப்பில் ஏற்றிவிடுவாள்.

இதையெல்லாம் மாமி சிரித்துக்கொண்டே சமாளித்தாள். அவளை அரித்தது வேறு. தன்னை அவருக்கு அடையாளம் தெரிகிறதா, இல்லையா? பேச்சுப் பயிற்சி கொடுக்க வரும் ஸ்மிதா, குடும்ப போட்டோக்களைக் காட்டிப் பெயர் கேட்பாள். 'மானசா' எப்படியோ வந்துவிட்டது. மாமியின் படத்தைக் காட்டினால் மட்டும் அவர் வாயே திறப்பதில்லை. மனைவியைத் தெரியவில்லை என்று ஸ்மிதா சொல்லிவிட்டாள். மாமிக்குச் சோறு இறங்கவில்லை.

அடுத்த முறை ஸ்மிதா வந்தபோது நானும் அங்கே இருந்தேன். அதே போட்டோ, அதே மௌனம். மாமிக்குத் திடீரென்று ஏதோ உறைத்தது.

"மானசா, இவள்கிட்ட சொல்லுடி. கல்யாணம் ஆன நாள்லேர்ந்து உங்கப்பா என் பேரைச் சொன்னதே இல்லை. 'கேட்டியா', 'இந்தா', அவ்வளவுதான். இல்லாத பழக்கம் இப்போ எங்கேர்ந்து வரும்? பேரைக் கேக்க வேண்டாம். நான் யாருன்னு கேக்கச் சொல்லு."

மானசா ஹிந்தியில் சொன்னதும் ஸ்மிதா நம்பாமல் மாமாவைப் பார்த்தாள். பிறகு மாமியைக் கைகாட்டி, "ஹூ இஸ் ஷீ?" என்று கேட்டாள்.

மாமா மாமியையே பார்த்துக்கொண்டிருந்தார். உதடு கோணியது. கழுத்து நரம்பு புடைத்தது.

"அக்... அக்ஸோரியஸ்."

ஸ்மிதா உதட்டைப் பிதுக்கினாள். மாமியின் முகம் சுண்டிவிட்டது. "போறும், விடுங்கோ" என்றாள்.

மானசா விடவில்லை. போனில் தேடினாள். படித்துவிட்டு அம்மாவை நிமிர்ந்து பார்த்தாள்.

"என்னடி போட்டிருக்கு?"

"பொண்டாட்டி மேல பைத்தியமா இருக்கறவன்னு அர்த்தம்மா."

மாமா ஆமாம் என்று தலையை ஆட்டினார்.

மாமிக்குக் காதுவரை சிவந்துவிட்டது. கண்ணீர் கன்னத்தில் வழிய, "வெளி மனுஷா இருக்கச்சே சொல்ற பேச்சா இது?" என்று அவரைக் கடிந்துகொண்டாள்.